வயிற்றுக்குள் வைத்த குழலும் ஆஸ்பத்திரி ஏட்டு எண்ணும்



சென்ற இதழில் எலி மூத்திரக் காய்ச்சலைப் பற்றி எழுதியிருந்தேன். செம்பனைக் காட்டில் வேலை செய்கிறவர்களுக்குக் காய்ச்சலும் மஞ்சள் கண்ணும் சேர்ந்து வந்தால் முதலில் அதை நினைக்க வேண்டும் என்று சொன்னேன். சொன்னது சரிதான். ஆனால் அதை மட்டுமே நினைத்து நானே ஒரு முறை தவறிப் போனேன். அந்தத் தவறையே இந்த மாதப் பாடமாக வைத்துக்கொள்வோம்.

ஒரு திங்கட்கிழமை காலை. பெரட்டு முடிந்து எல்லாரும் வெளிக்காட்டுக்குப் போய்விட்டார்கள். குலை வெட்டும் தோழர் ஒருவர் கிளினிக்குக்கு வந்தார். வயது ஐம்பதுக்கு மேல். சிகாமட் பக்கத்துத் தோட்டம் ஒன்றிலிருந்து எங்கள் தோட்டத்துக்கு மாறி வந்து ஆறேழு மாதம் இருக்கும்.

"டிரெசர் ஐயா, ராத்திரி பூரா குளிர் நடுக்கம். கம்பளி போர்த்தியும் நிக்கல" என்றார்.

காய்ச்சல் பார்த்தேன். மாத்திரை கொடுத்தேன். இரண்டு நாள் ஓய்வுச் சீட்டு எழுதினேன். நோயாளி ஏட்டில் ஒரே சொல் எழுதினேன்: "காய்ச்சல்".

மூன்றாம் நாள் அவருடைய சம்சாரம் ஓடி வந்தார். போய்ப் பார்த்தால் கண் மஞ்சள், மூத்திரம் தே ஓ நிறம், வலது விலாவுக்குக் கீழே கை வைக்க விடவில்லை. உடனே தோட்டத்து வேனில் ஏற்றி, "எலி மூத்திரக் காய்ச்சலாக இருக்கலாம்" என்று கடிதம் எழுதிப் பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பினேன். நானும் கூடப் போனேன். அங்கே வார்டில் நிற்கும்போதுதான் அந்த அம்மா சொன்னார்: "இவருக்கு வயித்துல ஒரு டியூப் வச்சிருக்காங்க ஐயா. மூணு மாசத்துல வரச் சொன்னாங்க. இவரு போகல. கார்டு பிஸ்கட் டின்னுல கிடக்கு."

தேதி கேட்டேன். குழல் வைத்துப் பதினொரு மாதம் ஆகியிருந்தது. நான் கேட்கவும் இல்லை, அவர் சொல்லவும் இல்லை. அந்த மூன்று நாளில் அவர் உயிர் போயிருக்கலாம்.

1. பித்தம் எந்த வழியாக ஓடுகிறது?

கல்லீரல் நம் வலது விலாவுக்குள் இருக்கிறது. அது ஒரு நாளைக்கு அரை லிட்டரிலிருந்து ஒரு லிட்டர் வரை பித்தநீர் சுரக்கிறது. அந்த நீர் சிறு சிறு குழாய்களாகச் சேர்ந்து, கடைசியில் ஒரே பித்தக்குழாயாகி, சிறுகுடலில் வந்து விழுகிறது. பித்தப்பை என்பது பக்கத்தில் தொங்கும் சிறு பை. இடையில் பித்தநீரைச் சேர்த்து வைத்து, நாம் கொழுப்புள்ள சாப்பாடு சாப்பிடும்போது பிழிந்து விடுகிறது.

பால் வெட்டிய தோழர்களுக்கு இது எளிதில் விளங்கும். வெட்டின கோட்டில் பால் இறங்கி, தகரப் பீலி வழியாக மங்கில் விழுகிறது. பீலியில் பால் உறைந்து கட்டியானால் என்ன ஆகும்? மங்கு காலியாக இருக்கும், பால் பட்டை மேலே வழிந்து வீணாகும். பித்தக்குழாய் அடைபட்டாலும் அதே கதைதான். பித்தநீர் குடலுக்குப் போகாமல் இரத்தத்தில் கலக்கிறது. கண் மஞ்சளாகிறது, மூத்திரம் கறுக்கிறது, மலம் வெளுத்துப் போகிறது, உடம்பெல்லாம் அரிக்கிறது.

அடைக்கிற பொருள் பெரும்பாலும் பித்தப்பையிலிருந்து நழுவி வந்த கல். சிலருக்குக் கணையத்தின் தலைப்பாகத்திலோ பித்தக்குழாயிலோ புற்றுநோய்க் கட்டி. சிலருக்குப் பழைய அறுவைக்குப் பிறகு குழாய் சுருங்கிப் போவதும் உண்டு.

2. குழல் வைப்பது எப்படி வந்தது?

முன்காலத்தில் இந்த அடைப்புக்கு வயிற்றைக் கிழித்துத்தான் வைத்தியம் செய்தார்கள். 1968இல் அமெரிக்காவில் மெக்யூன் என்ற டாக்டரும் கூட்டாளிகளும் வாய் வழியாகக் கேமரா குழாயை விட்டுப் பித்தக்குழாயின் வாயைக் கண்டுபிடித்து, அதில் மருந்து செலுத்தி எக்ஸ்ரே எடுத்துக் காட்டினார்கள். 1974இல் ஜெர்மனியில் கிளாசன், டெம்லிங் என்பவர்களும், ஜப்பானில் கவாய் என்பவரும், அதே வழியாக அந்த வாயைச் சிறிது வெட்டி அகலமாக்கிக் கல்லை எடுக்கும் முறையைக் கொண்டுவந்தார்கள். அதன் பிறகு, நம் பக்கத்து நாடான இந்தோனேசியாவில் பிறந்து ஜெர்மனியில் டாக்டராக இருந்த நிப் சோஹெந்திரா, அந்த வழியாகவே பித்தக்குழாய்க்குள் ஒரு பிளாஸ்டிக் குழலை நிறுத்தி வைக்கும் முறையை 1980இல் எழுதி வெளியிட்டார். இன்று உலகமெங்கும் டாக்டர்கள் இதை ஸ்டெண்ட் என்று சொல்கிறார்கள். இருதயத்தில் வைப்பதும் ஸ்டெண்ட்தான். ஆனால் அது வேறு, இது வேறு. "எனக்கு ஸ்டெண்ட் இருக்குங்க" என்று மட்டும் சொன்னால் போதாது. எங்கே வைத்தது என்று சேர்த்துச் சொல்ல வேண்டும்.

குழலில் இரண்டு வகை உண்டு.

பிளாஸ்டிக் குழல்: வழக்கமாக வைக்கும் அளவில் ஏறக்குறைய 3.3 மில்லிமீட்டர் தடிமன்தான். நடு ஓட்டை அதைவிடச் சிறியது. விலை குறைவு, திரும்ப எடுப்பதும் எளிது. ஆனால் சில மாதத்தில் அடைத்துக்கொள்ளும். அதனால்தான் பொதுவாக மூன்று மாதத்தில் வரச் சொல்லி மாற்றுகிறார்கள், அல்லது எடுத்து விடுகிறார்கள்.

உலோக வலைக் குழல்: உள்ளே போய்த் தானாக விரிந்து 8 முதல் 10 மில்லிமீட்டர் வரை அகலமாகும். அதிக நாள் தாங்கும். பெரும்பாலும் புற்றுநோய் அடைப்புக்கு வைக்கிறார்கள். மூடிய வகையை எடுக்க முடியும். திறந்த வலை வகை சதையோடு ஒட்டிக்கொள்வதால் எடுப்பது கடினம்.

3. குழல் எப்படிக் கெடுகிறது?

குழல் என்பது மனிதன் செய்த பொருள். தோட்டத்துத் தண்ணீர்க் குழாய் கெடுகிற மாதிரி அதுவும் கெடும். நான்கு விதம் சொல்லலாம்.

அடைத்துக்கொள்வது. இதுதான் அதிகம். குடலிலிருந்து கிருமிகள் மேலே ஏறிக் குழலின் உள்பக்கத்தில் ஒட்டிக்கொள்கின்றன. வழுவழுப்பான பாசி போல ஒரு படலம் உண்டாகிறது. அதன் மேல் பித்தச் சாயமும் சுண்ணாம்புச் சத்தும் படிந்து சேறாகிறது. உலோக வலையில் கட்டி வலைக்கண் வழியாக உள்ளே வளர்ந்தும் அடைக்கும்.

நழுவிப் போவது. கீழே இறங்கிக் குடலுக்குள் விழுந்து, சில சமயம் மலத்தோடு வெளியே போய்விடும். அல்லது மேலே ஏறிக் குழாய்க்குள்ளேயே ஒளிந்துகொள்ளும்.

உடைவது. அரிதுதான். நெடுநாள் விட்ட குழல், எடுக்கும்போது இரண்டு துண்டாவதும் உண்டு.

குத்துவது. நழுவின குழலின் முனை குடல் சுவரைத் துளைத்து விடலாம். இதுவும் அரிது, ஆனால் மிக ஆபத்து.

குழல் அடைபட்டால் தேங்கிய பித்தநீரில் கிருமி பெருகிப் பித்தக்குழாய் அழற்சி உண்டாகும். அதற்கு மூன்று அடையாளங்களை ஷார்கோ என்ற பிரெஞ்சு டாக்டர் 1877இலேயே எழுதி வைத்தார்: நடுக்கத்தோடு காய்ச்சல், மஞ்சள், வலது விலாவுக்குக் கீழ் வலி. இவற்றோடு இரத்த அழுத்தம் இறங்கி, ஆள் பிதற்ற ஆரம்பித்தால் உயிருக்கே ஆபத்து. இந்த நிலையில் ஊசி மருந்து மட்டும் போதாது. அடைப்பையும் திறந்து விட வேண்டும். என்னுடைய மாத்திரையும் இரண்டு நாள் ஓய்வும் அந்தத் தோழருக்கு ஏன் உதவவில்லை என்று இப்போது விளங்குகிறதல்லவா?

4. ஆஸ்பத்திரி ஏட்டு எண் என்றால் என்ன?

வார்டிலிருந்து ஆளை அனுப்பின பிறகு, அவருடைய பைல் மருத்துவப் பதிவு அறைக்குப் போகிறது. அங்கே உள்ளவர்கள் டாக்டர் எழுதின நோய்ப் பெயரைப் படித்து அதற்கு ஒரு எண் போடுகிறார்கள். நம் கிராணி செக்ரோலில் ஒவ்வொரு வேலைக்கும் குறி போடுவது போலத்தான். குலை வெட்டுக்கு ஒரு குறி, உரம் போடுவதற்கு ஒரு குறி, மருந்து அடிப்பதற்கு ஒரு குறி. குறி தவறினால் சம்பளம் தவறும்.

நோய்க்கு எண் போடும் இந்தப் பட்டியல் உலகம் முழுவதற்கும் ஒன்று. பாரிஸ் நகரத்துப் புள்ளியியல் வல்லுநர் ஷாக் பெர்த்தியோன் செய்த இறப்புக் காரணப் பட்டியலை 1893இல் சிகாகோவில் கூடிய அனைத்துலகப் புள்ளியியல் கூட்டம் ஏற்றுக்கொண்டது. 1948இல் ஆறாவது திருத்தத்திலிருந்து உலகச் சுகாதார நிறுவனம் அதைப் பொறுப்பேற்றது. பத்தாவது திருத்தத்தை 1990இல் ஏற்றுக்கொண்டார்கள். இதைத்தான் ஐ.சி.டி. 10 என்கிறோம். நம் நாட்டு ஆஸ்பத்திரிகள் பல ஆண்டுகளாகப் பழகியது இந்தப் பத்தாவது திருத்தம்தான். பதினோராவது திருத்தம் 2019இல் ஏற்கப்பட்டு, 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. ஒவ்வொரு நாடும் தன் வசதிக்குத் தக்கபடி அதற்கு மாறிக்கொண்டு வருகிறது.

இந்தப் பட்டியலில் எழுத்தும் எண்ணும் சேர்ந்து வரும். உடம்புக்குள் வைத்த பொருள்கள் கெடுவதற்கு டி 85 என்ற ஒரு வீடு இருக்கிறது. அதில் பல அறைகள். கண்ணுக்குள் வைத்த லென்சு கெட்டால் டி 85.2. பித்தக்குழாய்க் குழல் முதலிய குடல் சம்பந்தமான பொருள்கள் இயந்திர முறையில் கெட்டால் டி 85.5. குழல் உடைந்தாலும், நழுவினாலும், ஒழுகினாலும், அடைத்தாலும், குத்தினாலும் எல்லாம் இந்த ஒரே அறைக்குள்தான். குழலில் கிருமி பிடித்தது என்று டாக்டர் எழுதினால் மட்டும் டி 85.7 என்ற வேறு அறை.

அமெரிக்கர்கள் இந்தப் பத்தாவது திருத்தத்தை இன்னும் பிரித்து, 2015 அக்டோபர் 1 முதல் பயன்படுத்துகிறார்கள். அவர்களுக்குப் பித்தக்குழல் உடைந்தால் டி 85.510, நழுவினால் டி 85.520, அடைப்பு முதலிய மற்றவைக்கு டி 85.590. அதற்குப் பின்னால் ஒரு எழுத்தும் போட வேண்டும். கோளாறுக்கு நேரடி வைத்தியம் நடக்கும்போது ஏ, அது முடிந்து ஆறி வரும் காலத்தில் டி, பின்விளைவாக வந்த நோய்க்கு எஸ். இணையத்தில் தேடுகிற பிள்ளைகள் இந்த நீண்ட எண்ணைப் பார்த்துவிட்டு, "அப்பா பேப்பரில் தப்பா போட்டிருக்காங்க" என்று பதற வேண்டாம். உலகப் பட்டியலின்படி எண் போடும் இடத்தில் டி 85.5 என்றால் அதுவே சரி.

5. ஒரே ஆள், மூன்று சீட்டு

இனிப் பாடத்தின் முக்கியமான இடத்துக்கு வருவோம். எண் போடுகிறவர் நோயாளியைப் பார்ப்பதில்லை. டாக்டர் எழுதினதை மட்டுமே பார்க்கிறார். எழுதாததை ஊகித்துப் போட அவருக்கு அதிகாரம் இல்லை. அதனால் ஒரே ஆளுக்கு மூன்று விதமாக எழுதினால் மூன்று விதமான எண் வரும்.

முதல் சீட்டில் "மஞ்சக்காமாலை" என்று மட்டும் இருந்தால் ஆர் 17. இது அடையாளத்துக்குப் போடும் எண், நோய்க்கு அல்ல. மஞ்சள் ஏன் வந்தது என்று இதிலிருந்து யாருக்கும் தெரியாது.

இரண்டாம் சீட்டில் "பித்தக்குழாய் அழற்சி" என்று மட்டும் இருந்தால் கே 83.0. நோய் தெரிகிறது. ஆனால் உள்ளே குழல் இருந்ததோ அது அடைபட்டதோ தெரியாது. அழற்சியோடு பித்தக்குழாயில் கல்லும் இருந்தால் கே 80.3 என்று போட வேண்டும். கல்லை எழுதாவிட்டால் அதுவும் போய்விடும்.

மூன்றாம் சீட்டில், "பித்தக்குழாயில் வைத்த பிளாஸ்டிக் குழல் அடைபட்டது, அதனால் கல்லோடு கூடிய பித்தக்குழாய் அழற்சி, பழைய குழல் எடுத்துப் புதியது வைக்கப்பட்டது" என்று இருந்தால் டி 85.5, கே 80.3 இரண்டும் வரும். அவற்றோடு வெளிக்காரணத்துக்கு ஒய் 83.1 என்ற எண்ணும் சேரும்.

இந்த ஒய் எண்ணைப் பற்றி ஒரு வார்த்தை. தோழர்கள் சிலர் என்னிடம், "குழல் கெட்டுப் போச்சுன்னா அது டாக்டர் தப்பா?" என்று கேட்கிறார்கள். பட்டியலே இதைப் பிரித்து வைத்திருக்கிறது. உடம்புக்குள் ஒரு பொருள் வைத்தபின், யாருடைய கைத்தவறும் குறிப்பிடப்படாமல், பின்னால் வந்த கோளாறுக்கு ஒய் 83.1. பொருளே உடைந்தது அல்லது பழுதானது என்று எழுதியிருந்தால் குடல், சிறுநீர் சம்பந்தமான கருவிகளுக்கான ஒய் 73. வைத்தியம் செய்யும்போது நேர்ந்த தவறுகளுக்கு ஒய் 60 முதல் 69 வரை தனி இடம். ஆகையால் டி 85.5 என்று பார்த்தவுடன் யாரையும் குற்றம் சொல்லக் கூடாது. மூன்று மாதத்தில் மாற்ற வேண்டிய பிளாஸ்டிக் குழலைப் பதினொரு மாதம் வைத்திருந்தால் அது அடைக்காமல் இருந்தால்தான் ஆச்சரியம்.

எங்கள் தோழருக்கு வந்த டிஸ்சார்ஜ் கடிதம் எது தெரியுமா? இரண்டாம் சீட்டு. அழற்சி என்று இருந்தது, மருந்து எழுதியிருந்தது, குழலைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. புதிய குழல் உள்ளே இருக்கிறது என்பதும் அதை எப்போது எடுக்க வேண்டும் என்பதும் தெமுஜாஞ்ஜி கார்டில் மட்டும்தான் இருந்தது. அந்தக் கார்டும் மறுபடி பிஸ்கட் டின்னுக்குள் போயிருந்தால்?

6. எண் சரியாக இருந்தால் நமக்கு என்ன லாபம்?

"எண் எப்படி இருந்தா என்னங்க, ஆள் பிழைச்சா போதாதா?" என்று கேட்பீர்கள். மூன்று லாபம் சொல்கிறேன்.

முதலாவது, அடுத்த ஆஸ்பத்திரிக்கு வழி தெரியும். நம் ஆட்கள் இன்று லாபிசில் இருப்பார்கள், நாளை குளுவாங்கில், அடுத்த வருஷம் கோத்தா திங்கியில். முன்பு பார்த்த டாக்டரே மறுபடி பார்ப்பார் என்று சொல்ல முடியாது. கடிதத்தில் குழல் என்று இருந்தால் புதிய டாக்டர் முதலில் அதைத்தான் தேடுவார்.

இரண்டாவது, கணக்கு. எத்தனை பேருக்குக் குழல் அடைத்தது, எத்தனை பேர் குறித்த நாளில் வரவில்லை என்பது எண்ணில் ஏறினால்தான் மேலிடத்துக்குத் தெரியும். இதற்கு நம் தோட்டச் சரித்திரத்திலேயே சாட்சி உண்டு. 1901இல் கிள்ளானுக்கு வந்த டாக்டர் மால்கம் வாட்சன், தோட்டங்களில் "காய்ச்சல்" என்ற ஒரே சொல்லுக்குள் கிடந்த சாவுகளில் மலேரியாவைத் தனியாகப் பிரித்துப் பார்த்தார். எந்தக் கொசு, எந்த நிலம் என்று கண்டு, கரையோரத்தில் கால்வாய் வெட்டியும் மலைப்பக்கத்து ஓடைகளில் எண்ணெய் விட்டும் நோயைக் குறைத்தார். அவருடைய புத்தகம் 1911இல் வந்தது. பெயர் சரியாக வைத்த பிறகுதான் வைத்தியம் சரியான இடத்துக்குப் போயிற்று. நானும் அன்றைக்கு என் ஏட்டில் "காய்ச்சல்" என்றுதான் எழுதினேன். நூறு வருஷத்துக்கு மேல் ஆகியும் பேனா அதே சொல்லுக்குத்தான் ஓடுகிறது.

மூன்றாவது, சொக்சோ. 1969ஆம் ஆண்டுத் தொழிலாளர் சமூகப் பாதுகாப்புச் சட்டத்தில் வேலை விபத்துக்கு ஒரு திட்டம், இயலாமைக்கு ஒரு திட்டம் உண்டு. குழல் கெடுவது வேலை விபத்து ஆகாது. ஆனால் நோய் நீண்டு ஒருவர் உழைக்க முடியாமல் போனால் இயலாமை ஓய்வூதியத்துக்கு மனுப் போடலாம். அப்போது மருத்துவக் குழு பார்ப்பது காகிதத்தைத்தான். எத்தனை முறை படுத்தார், எதற்குப் படுத்தார் என்று தெளிவாக இல்லாத காகிதம் நமக்காகப் பேசாது.

7. குழல் வைத்தவர்கள் செய்ய வேண்டியது

வீட்டுக்கு அனுப்பும் நாளில் டாக்டரிடம் ஐந்து கேள்வி கேளுங்கள். கூச்சப்பட வேண்டாம். குழல் எந்த வகை? எதற்காக வைத்தது? எந்தத் தேதியில் வைத்தது? எந்தத் தேதிக்குள் எடுக்க வேண்டும் அல்லது மாற்ற வேண்டும்? இவையெல்லாம் கடிதத்தில் எழுதியிருக்கிறதா? எழுதவில்லை என்றால், "டாக்டர், தோட்டத்து டிரெசருக்குக் காட்டணும், ஒரு வரி எழுதிக் கொடுங்க" என்று மரியாதையாகக் கேளுங்கள்.

அந்தச் சீட்டை ஐ.சி.யோடு வையுங்கள். பிஸ்கட் டின்னில் வேண்டாம். கைபேசியில் படம் எடுத்து மகனுக்கோ மகளுக்கோ அனுப்பி வையுங்கள்.

தோட்டம் மாறினால் முதல் வாரத்திலேயே புதிய தோட்டத்து எச்.ஏ.விடம் போய்ச் சொல்லுங்கள். கேட்காவிட்டாலும் சொல்லுங்கள்.

வலி இல்லை என்பதற்காகத் தெமுஜாஞ்ஜியை விட்டுவிடாதீர்கள். குழல் நன்றாக இருக்கும் நாளில்தான் மாற்ற வேண்டும். அடைத்த பிறகு மாற்றுவது ஆபத்தோடு மாற்றுவது.

ஒரு நாள் சம்பளம் போகுமே என்ற பயம் எனக்குத் தெரியும். 1955ஆம் ஆண்டு வேலைச் சட்டத்தின்படி சம்பளத்தோடு நோய் விடுப்பு உண்டு. வேலையில் சேர்ந்து இரண்டு வருஷத்துக்கு உட்பட்டவருக்கு ஆண்டுக்கு 14 நாள், இரண்டிலிருந்து ஐந்து வருஷத்துக்கு உட்பட்டவருக்கு 18 நாள், ஐந்தும் அதற்கு மேலும் ஆனவருக்கு 22 நாள். ஆஸ்பத்திரியில் படுக்க நேர்ந்தால் ஆண்டுக்கு 60 நாள் வரை உண்டு. எம்.சி. வாங்கி ஆபீசில் கொடுங்கள். மறுத்தால் நம் கிளைச் செயலாளரிடம் சொல்லுங்கள்.

உள்ளே குழல் இருக்கும்போது நடுக்கக் காய்ச்சல், மஞ்சள், கறுத்த மூத்திரம், வலது பக்க வலி, இவற்றில் ஒன்று வந்தாலும் மாத்திரை போட்டுக் காத்திருக்காதீர்கள். பெரட்டுக்கு முன்பா பின்பா என்று பார்க்காமல் டிரெசர் வீட்டுக் கதவைத் தட்டுங்கள். முதல் வார்த்தையாக, "உள்ள டியூப் இருக்கு" என்று சொல்லுங்கள்.

பச்சிலை, பத்தியம் என்று யாராவது சொன்னால் கோபப்பட வேண்டாம், கேட்டுக்கொள்ளுங்கள். ஆனால் கீழாநெல்லி குழலின் அடைப்பைத் திறக்காது.

8. பயிற்சிக் கேள்விகள்

இளம் எச்.ஏ.க்களும் கிளைப் பொறுப்பாளர்களும் இதைச் செய்து பார்க்கலாம்.

கேள்வி: ஒருவருக்குப் பித்தக்குழல் நழுவி மலத்தோடு போய்விட்டது. கடிதத்தில் "குழல் இடம் பெயர்ந்தது" என்று இருக்கிறது. உலகப் பட்டியலில் எந்த எண்?
விடை: டி 85.5.

கேள்வி: குழல் நன்றாக வேலை செய்கிறது. ஆள் வேறு காரணத்துக்காக, கால் முறிந்து படுத்திருக்கிறார். டி 85.5 போடலாமா?
விடை: கூடாது. டி 85.5 கெட்ட குழலுக்குத்தான். கெடாமல் உள்ளே இருப்பதைக் குறிக்க வேண்டுமானால் இசட் 96.8 இருக்கிறது. ஆனால் எலும்பு டாக்டருக்கும் குழலைப் பற்றிச் சொல்லியே ஆக வேண்டும்.

கேள்வி: கடிதத்தில் "பித்தக்குழாய் அழற்சி" என்று மட்டும் இருக்கிறது. குழல் அடைத்ததால் வந்தது என்று நமக்குத் தெரியும். நாமே எண்ணைத் திருத்தலாமா?
விடை: கூடாது. எண் போடுகிறவரும் திருத்தக் கூடாது. வைத்தியம் பார்த்த டாக்டரிடம் கேட்டு, அவர் கையால் ஒரு வரி சேர்க்கச் சொல்ல வேண்டும்.

கடைசிக் கேள்விக்கு விடையை நான் அனுபவத்தில்தான் கற்றேன். அந்தத் தோழரின் அடுத்த தெமுஜாஞ்ஜிக்கு ஒரு கடிதம் கொடுத்தனுப்பினேன். குழல் முதலில் வைத்த தேதி, காய்ச்சல் வந்த தேதி, நான் முதலில் தவறாக நினைத்தது, எல்லாவற்றையும் மறைக்காமல் எழுதினேன். அங்கிருந்த டாக்டர் படித்துப் பார்த்து, அடைபட்ட குழல் என்றும், புதியது வைத்த தேதி என்றும் இரண்டு வரி சேர்த்துக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தார். ஐந்து நிமிஷ வேலை. பின்னர் கல்லை எடுத்தார்கள், குழலையும் எடுத்தார்கள். இப்போது அவர் குலை வெட்டுவதில்லை, உதிரிப் பழம் பொறுக்குகிறார். பார்க்கும்போதெல்லாம், "டிரெசர் ஐயா, இப்ப உள்ள ஒண்ணும் இல்ல" என்று வயிற்றைத் தட்டிக் காட்டுவார்.

என் கிளினிக் மேசையில் இப்போது ஒரு தனி நோட்டுப் புத்தகம் இருக்கிறது. தோட்டத்தில் யார் யார் உடம்புக்குள் என்ன இருக்கிறது, எந்தத் தேதியில் எடுக்க வேண்டும் என்று அதில் எழுதி வைத்திருக்கிறேன். காய்ச்சல் என்று வருகிற ஒவ்வொருவரிடமும் மாத்திரை எடுக்கும் முன் ஒரு கேள்வி கேட்கிறேன்: "அண்ணே, உள்ள ஏதாவது வச்சிருக்காங்களா?" மற்றத் தோட்டத்து எச்.ஏ. நண்பர்களும் இப்படி ஒரு நோட்டு வைத்துக்கொள்ளும்படி கேட்டுக்கொள்கிறேன்.

அடுத்த இதழில், புல் மருந்து அடிக்கும் பெண்களின் கை, கண் பாதுகாப்பைப் பார்ப்போம். வணக்கம்.